ஒரு நிமிட ரூம் டோன்

"நூத்தி எழுவத்தி நாலுல்லா போடுவாக?" என்று ஆச்சி கேட்டபோது என் விரல் ரெக்கார்டரில் இருந்தது. "ஆச்சி, ஒரு நிமிஷம் பேசாம இருங்க" என்றேன். நடந்தது இவ்வளவுதான்.

ஒன்பது நிமிடக் குறும்படம். ஒரு வீடு, ஒரு கிணறு, ஒரு சாவு. வசனம் கிடையாது, யார், ஏன், எதுவும் கடைசிவரை தெரியாது. சீவலப்பேரிப் பக்கம் ஆச்சியின் வீட்டை இரண்டு நாள் வாடகைக்குப் பிடித்திருந்தோம்.

படத்தில் எழுத்தாக வருவது ஒரே காகிதம், சந்தேக மரணத்துக்குப் போலீஸ் போடும் எஃப்ஐஆர். பிரிவு 174 என்று அடித்துவிட்டோம். 2024 ஜூலை 1 முதல் புதுச் சட்டம், இப்போது 194 என்று ஒருவன் சொல்ல, பாளையங்கோட்டைக்கு ஓடி மறுபடி அடித்து வந்தோம். இரண்டு செகண்ட் ஷாட்டுக்கு அத்தனை கவனம்! ஷாட் முடிந்து பட்டாசலில் கிடந்த அதைத்தான் ஆச்சி எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஒவ்வொரு வீட்டு நிசப்தத்துக்கும் தனிச் சத்தம் உண்டு, அதுதான் ரூம் டோன். அதை ஒரு நிமிடம் எடுத்து அடியில் ஓடவிட்டால்தான் எடிட்டிங்கில் வெட்டு தெரியாது. ஆறு மணிக்குக் கோயிலில் ரேடியோ போட்டுவிடுவார்கள். என் இடத்தில் யாராக இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பார்கள்.

சரி, அவருக்குப் பிரிவு எண் எப்படித் தெரியும்? பேரன் வக்கீலாக இருக்கலாம். டிவியில் கேட்டிருக்கலாம். ஆனால் அந்தக் கேள்வி, பலசரக்குக் கடையில் பழைய விலையைச் சொல்லிக் கேட்பதுபோல இருந்தது.

நிமிடம் முடிந்ததும் "சொல்லுங்க ஆச்சி" என்றேன்.

"ஒண்ணுமில்லய்யா. காப்பி போடட்டா?"

காகிதத்தை இருந்த இடத்திலேயே வைத்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார். நாலாக மடித்திருந்தார்.

மறுநாள் முழுக்க அங்கேதான் இருந்தேன். கேட்கவில்லை. கிளறக் கூடாது என்றுதான் விட்டேன். கேட்டிருந்தால் டைரக்டர் அதையும் படத்தில் சேர்த்திருப்பான். இதெல்லாம் ஊர் திரும்பிய பிறகு தோன்றிய காரணங்கள். அன்றைக்குக் காப்பியைக் குடித்துவிட்டுக் கேபிள் சுற்றினேன்.

கடைசி ஷாட்டில் கிணற்றுக் கப்பி மட்டும் தெரியும். அடியில் அந்த நிமிடம் ஓடும். நாற்பத்தோராவது செகண்டில் ஒரு சின்னச் சரசரப்பு, பிறகு இன்னொன்று.

மிக்ஸிங்கில் டைரக்டர் காதைத் தீட்டிக்கொண்டு, "என்னலே அது?" என்றான்.

"கப்பிதான்" என்றேன்.