சாத்துக்குடி மூடியில் இறால்: ஐந்தாம் முறை கசப்பு விட்டது

நாலு முறை கசந்த மூடி இந்த முறை கசக்கவில்லை. இறால் மிளகு மசாலாவைச் சாத்துக்குடி மூடியில், அதாவது பாதியாக வெட்டிச் சுளை எடுத்த தோல் கிண்ணத்தில் நிரப்பி, இட்லிப் பானையில் சூடேற்றி, அப்படியே தட்டில் வைக்கிற பண்டம். மசாலா எல்லோருக்கும் வரும். வேலை முழுக்க மூடியில்தான்.

கமலா ஆரஞ்சு வேண்டவே வேண்டாம். தோல் சுளையை விட்டுத் தளர்ந்து நிற்பதால் கரண்டி பட்டதும் கிழிகிறது. நார்த்தங்காயில் வெள்ளைச் சதை தடிப்பு, கசப்பும் அதிகம். எலுமிச்சை மூடியில் இரண்டு இறாலுக்கு மேல் இடமில்லை. கிருஷ்ணகிரிக்கு ஆந்திராப் பக்கமிருந்து வரும் சாத்துக்குடியில், மஞ்சள் ஏறத் தொடங்கிய, கையில் கனக்கிற பழம்தான் சரி.

குறுக்கே வெட்டி, சாறு பிழியாமல் சுளையை எடுக்க வேண்டும். பிழிந்தால் தோலில் உள்ள எண்ணெய் உள்ளே இறங்கி, சோப்பு வாடை வருகிறது. கத்தி நுனியைச் சுளைக்கும் வெள்ளைக்கும் நடுவே விட்டு ஒரு சுற்று. பிறகு டீ ஸ்பூனால் நெம்பினால் வந்துவிடும். ஸ்பூனின் ஒரு ஓரத்தை மட்டும் சாணைக்கல்லில் தீட்டிக்கொண்டால் வேலை பாதி. வெள்ளையை முழுக்கச் சுரண்டக் கூடாது, பாதி நிற்கட்டும். சுத்தமாக எடுத்த மூடி ஆவியில் தொய்ந்து சாய்ந்துவிட்டது.

இனி கசப்பு. உப்புப் போட்ட கொதிநீரில் மூடிகளை 2 நிமிடம் அமிழ்த்தி, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுக் கொதிநீரில் இன்னொரு 2 நிமிடம். உடனே குளிர்ந்த தண்ணீர். வெள்ளைச் சதையின் கசப்பில் பெரும்பங்கு அந்த இரண்டு தண்ணீரோடு போய்விடும். முதல் மூன்று முறை ஒரே தண்ணீரில் நாலு நிமிடம் கொதித்தது. இறங்கிய கசப்பிலேயே மூடி ஊறியதுதான் தப்பு. நாலாம் முறை தண்ணீர் மாற்றியும் கசந்ததற்குக் காரணம் ஆவி: 8 நிமிடம் வைத்தது அதிகம். எடுத்த மூடியைத் துணியில் கவிழ்த்து ஈரம் போக்காவிட்டால் மசாலா நீர்த்துவிடும்.

8 மூடிக்கு அரை கிலோ இறால். தலை, தோல், குடல் நீக்கினால் கால் கிலோ அளவுக்குத் தேறும். நம்ம ஊருக்குக் கடல் இறால் ஐஸில்தான் வருகிறது. தலை ஆடினாலோ கறுத்திருந்தாலோ வாங்க வேண்டாம். கடலை எண்ணெயில் 12 சின்ன வெங்காயம், இஞ்சி பூண்டு, 2 பச்சை மிளகாய், கறிவேப்பிலை, மஞ்சள் வதக்கி, ஒரு ஸ்பூன் அரிசி மாவைத் தூவிப் பிரட்டி, அரை டம்ளர் கெட்டித் தேங்காய்ப்பால். கெட்டியானதும் இறாலும் உப்பும். பிறை மாதிரி வளைந்ததும் இறக்கிவிட வேண்டும், ஒன்றரை நிமிடம் போதும். வட்டமாகச் சுருண்டால் ரப்பர். மீதி வேக்காடு ஆவியில். இடித்த மிளகு ஒரு ஸ்பூன், சாறு 2 ஸ்பூன் இரண்டும் அடுப்பை அணைத்த பிறகு. கொதிக்கும்போது புளிப்பு விழுந்தால் பால் திரிகிறது. சாற்றை அப்போதே எடுத்த சுளையில் பிழிய வேண்டும். சாத்துக்குடிச் சாறு நிற்க நிற்கத் தானாகவே கசக்கும்.

இட்லித் தட்டின் குழி இந்த மூடிக்கென்றே அளவெடுத்த மாதிரி. அடியைச் சீவித் தட்டையாக்கினால் ஓட்டை விழுந்து ஒழுகும். குழியில் வைத்தால் அது தேவையில்லை. பரிமாறும் தட்டில் கல்லுப்பைப் பரப்பி உட்கார வைக்கலாம். பானை மூடிக்குத் துணி கட்டாமல் விட்டால் ஆவி நீர் சொட்டும். தண்ணீர் நன்றாகக் கொதித்த பிறகு உள்ளே வைத்து, சரியாக 3 நிமிடம்.

அடுத்து கிருஷ்ணகிரி கே.ஆர்.பி. அணையின் ஜிலேபி மீன். முள் நீக்கி உதிர்த்த மீனுக்கு இந்தப் பால் அளவு தளர்ச்சியாக இருக்கும். கால் டம்ளரில் தொடங்க வேண்டும். இறாலிலும் ஒரு பாக்கி: பத்து நிமிடம் ஆறினால் ஓரத்தில் எண்ணெய் பிரிகிறது. அரிசி மாவை ஒன்றரை ஸ்பூனாக்கிப் பார்க்க வேண்டும்.