நெல் நோய்கள் குழப்புகிறதா? குலை நோயிலிருந்து தொடங்குங்கள்

இரண்டாம் ஆண்டு பயிர் நோயியல் செய்முறைத் தேர்வில் எனக்கு வைத்திருந்த ஸ்பாட்டர், அதாவது பார்த்து அடையாளம் சொல்ல வேண்டிய மாதிரி, குலை நோய் வந்த நெல் இலை. நான் எழுதியது ஹெல்மின்தோஸ்போரியம் ஒரைசே, அதாவது செம்புள்ளி நோயின் பூஞ்சை. நீடாமங்கலம் பக்கம் சம்பா வயலைப் பார்த்தே வளர்ந்தவன் நான், அதனால் அந்த மதிப்பெண் போனது ரொம்பவே வலித்தது. நோயின் பெயருக்கு எதிரே பூஞ்சையின் பெயர் என்று பட்டியல் போட்டு உருப்போட்டிருந்தேன், தேர்வு மேசையில் இரண்டும் இடம் மாறிவிட்டன.

மார்கழி விடுமுறையில் சித்தப்பாவோடு வயலில் இறங்கியபோதுதான் எனக்கு விளங்கியது. குலை நோய்ப் புள்ளி கண் வடிவில் இருக்கும், இரண்டு முனையும் கூர்மை, நடுவில் சாம்பல் நிறம், ஓரம் பழுப்பு. செம்புள்ளி எள் மாதிரி சின்னதாக, நீள்வட்டமாக இருக்கும். யூரியாவை அள்ளிப் போட்டு கருகருவென்று நிற்கும் பயிரில் குலை நோய் பாயும், சத்துக் குறைந்த மண்ணில் செம்புள்ளி அதிகம். இந்த வித்தியாசத்தை ஒருமுறை கண்ணால் பார்த்துவிட்டால் அப்புறம் மறக்காது.

வெள்ளைக் கதிர்களைக் காட்டி, பூச்சிதானே என்று கேட்டேன். "இழுத்துப் பாருடா தம்பி, தண்டைத் துளைக்கிற குருத்துப்பூச்சின்னா கதிர் கையோட வந்துரும்" என்றார் சித்தப்பா. வரவில்லை. கதிரின் கழுத்து கருத்து, அந்த இடத்திலேயே ஒடிந்து தொங்கியது. அதுதான் கழுத்துக் குலை நோய். இந்த ஒப்பீட்டைத் தேர்வுக்கு அவசியம் தயார் செய்யுங்கள்.

குலை நோய்ப் பூஞ்சையின் பெயரில் பலர் தடுமாறுகிறார்கள். பைரிகுலேரியா ஒரைசே என்பது பாலிலா நிலையின் (சேர்க்கை இல்லாமல் பெருகும் நிலை) பெயர், மேக்னபோர்த்தே ஒரைசே பாலின நிலையின் பெயர். பழைய புத்தகங்களில் மேக்னபோர்த்தே கிரீசியா என்று இருக்கும். 2002ல்தான் நெல்லைத் தாக்குவதை ஒரைசே என்று தனி இனமாகப் பிரித்தார்கள். பூஞ்சை பரவ உதவும் வித்து (ஸ்போர்) பேரிக்காய் வடிவில், மூன்று அறைகளோடு இருக்கும்.

அது இலைக்குள் நுழையும் விதத்தைப் படிக்காமல் விடாதீர்கள். பனி ஈரத்தில் வித்து முளைத்து, அப்ரசோரியம் என்ற குமிழை உண்டாக்கும். அதன் சுவரில் மெலனின் என்ற கருநிறமி படிந்ததும் உள்ளே ஏறத்தாழ 80 வளிமண்டல அழுத்தம் வரை ஏறி, இலைத்தோலைக் குத்தித் துளைக்கும். டிரைசைக்ளசோல் என்ற பூஞ்சைக்கொல்லி அந்த மெலனின் உருவாவதைத் தடுக்கிறது, அதனால்தான் அது நோய் முற்றிய பிறகு அடித்துப் பயன் தராத, முன்கூட்டியே அடிக்க வேண்டிய மருந்து. இவ்வளவும் புரிந்தால் நோய்க்கான சூழல், அறிகுறி, கட்டுப்பாடு என்று மூன்று கேள்விக்கு ஒரே மூச்சில் பதில் எழுதலாம்.

இன்னொன்று. 1919ல் இந்த நோய் பெரிய அளவில் பரவியது நம் தஞ்சை டெல்டாவில்தான், இதை ஒரு மதிப்பெண் கேள்வியாகக் கேட்பார்கள்.

சரி, படித்ததைக் கண்ணால் பார்க்க ஒரு வழி சொல்கிறேன். புள்ளி விழுந்த இலையை நறுக்கி, ஈரத்தாள் விரித்த டப்பாவில் மூடி ஓர் இரவு வையுங்கள். காலையில் புள்ளி மேல் செல்லோ டேப்பை ஒட்டி எடுத்து, ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டு நுண்ணோக்கியில் பாருங்கள். மூன்று அறை வித்துகள் டேப்பில் ஒட்டியிருக்கும்.