ஜப்பானில் ஆவணப்படம்: என்3 தேறிய பிறகு படிக்க வேண்டியவை

ஜப்பானியக் கைவினைகளைத் தனி ஆளாகப் படமெடுக்கப் போகிறவர், ஜே.எல்.பி.டி. என்னும் ஜப்பானிய மொழித் தேர்வில், ஐந்து நிலைகளில் நடுவிலுள்ள என்3 நிலையாவது தேறியிருப்பது நல்லது. மொத்தம் 180க்கு 95 வேண்டும். மூன்று பகுதிகளிலும் 60க்கு 19ஆவது வர வேண்டும். பலர் கன்ஜி எழுத்துகளிலேயே மூழ்கிவிட்டுக் கேட்டல் பகுதியில் கோட்டைவிடுகிறார்கள். படமெடுப்பவருக்கு அதுதான் உயிர்நாடி. இந்தத் தேர்வில் பேச்சுப் பிரிவே கிடையாது. அதனால் ஒலிப்பதிவை ஓடவிட்டு, அரை நொடி பின்தங்கிக் கூடவே சொல்லும் பயிற்சியைத் தினமும் 20 நிமிடம் தனியாகச் செய்யுங்கள்.

பேட்டியில் முதலில் கெடுவது ஒலி. ஜப்பானியர் பேசும்போது, கேட்பவர் நடுநடுவே "ஹாய்", "நருஹோதோ" என்று 'உம்' கொட்டுவார். அதற்கு ஐசுச்சி என்று பெயர். வகுப்பில் இதைச் சொல்லிக்கொடுப்பார்கள், ஆனால் படத்தொகுப்பில் உங்கள் குரல் அவர் சொற்கள்மேல் விழுந்து, வெட்ட இடமே இருக்காது. முற்றிலும் பேசாமல் இருந்தாலோ, புரியவில்லை போலும் என்று அவர் நிறுத்திவிடுவார். முகத்தைப் பார்த்து, நன்றாகத் தெரியும்படி தலையசையுங்கள். பதில் முடிந்தபின் மூன்று நொடி காத்திருங்கள். நல்ல வாக்கியம் பெரும்பாலும் அந்த மௌனத்துக்குப் பிறகே வரும்.

அனுமதிக்குக் கிகாகுஷோ என்னும் திட்டக் குறிப்பை ஒரே பக்கத்தில் அனுப்புங்கள். எதை, எத்தனை நாள், எத்தனை பேர், எங்கே திரையிடல் என்பவை அதில் இருக்கட்டும். "முசுகாஷீ தேசு நே" என்று பதில் வந்தால், சொல்லுக்குப் பொருள் 'கடினம்'தான். ஆனால் அது மறுப்பு. வற்புறுத்தக் கூடாது.

அடுத்தது பருவம். வாஷி என்னும் ஜப்பானின் மரபான கைக்காகிதத்தையே எடுத்துக்கொள்வோம். கோஸோ செடியின் கிளைகளை இலையுதிர்ந்த பின், குளிர்காலத்தில்தான் வெட்டுவார்கள். அவித்துப் பட்டை உரித்து, காரநீரில் வேகவைத்து, தூசுதும்புகளைக் கையால் பொறுக்கி, அடித்து நாராக்குவார்கள். தொட்டியில் தொரோரோ அவோய் வேரின் வழவழப்பான சாற்றைச் சேர்ப்பார்கள். நார் அடியில் தங்காமல் பரவி நிற்பது அதனால்தான். வெயில் ஏறினால் அந்த வழவழப்பு நீர்த்துவிடும். செர்ரி பூக்கும் காலத்துக்குப் பயணச்சீட்டு எடுப்பவர், கிளை வெட்டுவதையும் அவிப்பதையும் தவறவிடுவார்.

2014இல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறிய மூன்று வாஷிகளில் ஹொசொகவாஷி சைதாமா மாநிலத்தைச் சேர்ந்தது. அங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். மற்ற இரண்டின் ஊர்களான கிஃபு மாநில மினோவிலும், ஷிமானேயின் ஹமாதாவிலும் 60 ஹெர்ட்ஸ். பழைய பட்டறைகளின் குழல்விளக்கு சைதாமாவில் நொடிக்கு 100 முறையும், மற்ற இரண்டிலும் 120 முறையும் துடிக்கும். கேமராவின் ஷட்டர் வேகம் அதற்குப் பொருந்தாவிட்டால் படத்தில் பட்டை பட்டையாக ஓடும். பின்னால் சரிசெய்வது பெரும்பாடு. சைதாமாவில் 1/50 அல்லது 1/100 நொடி, மற்ற இரண்டிலும் 1/60 அல்லது 1/120 நொடி வையுங்கள். ரயில் மாறும்போதே அமைப்பையும் மாற்றிவிடுங்கள்.