பிரசிடெண்ட் நாற்காலியும் தாத்தாவின் தோட்டப் பதிவும்

பஞ்சாயத்துத் தேர்தல் நெருங்கினால் கேரளத்தில் தமிழர்கள் வாழும் மூணாறிலும் பீர்மேட்டிலும் கொழிஞ்சாம்பாறையிலும் எல்லாரும் முதலில் கேட்பது ஒன்றுதான்: "நம்ம வார்டு யாருக்கு ரிசர்வ்?" அதற்கு முன்னால் கேட்க வேண்டியது, பிரசிடெண்ட் பதவி யாருக்கு ரிசர்வ் என்பது. இரண்டும் வேறு வேறு கணக்கு. வார்டுகளுக்குக் குலுக்கல் போடுகிறார்கள். தலைவர் பதவியை மாநிலத் தேர்தல் ஆணையம் சுழற்சி முறையில் ஒதுக்குகிறது. கேரளத்தில் 941 கிராமப் பஞ்சாயத்துகள். அதில் 471ல் தலைவர் பதவி பெண்களுக்கு. எஸ்.சி., எஸ்.டி. பெண்களுக்கான இடங்களும் இந்த 471க்குள் அடக்கம்.

போடியிலும் கம்பத்திலும் இருக்கும் சொந்தக்காரர்கள் சொல்வதைக் கேட்டுக் குழம்ப வேண்டாம். தமிழ்நாட்டில் ஊராட்சித் தலைவருக்கு மக்களே நேரடியாக ஓட்டுப் போடுகிறார்கள். இங்கே கேரளத்தில் ஜெயித்து வந்த மெம்பர்கள் தங்களுக்குள் ஒருவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். அதனால் பதவி எஸ்.சி.க்கு என்றால், ஜெயித்தவர்களில் எஸ்.சி. மெம்பர் யாரோ அவர் மட்டுமே போட்டியிட முடியும். அவர் எஸ்.சி. வார்டில்தான் ஜெயித்திருக்க வேண்டும் என்றில்லை, பொது வார்டில் ஜெயித்திருந்தாலும் தகுதி உண்டு. ஆனால் அப்படி வந்தவர் தலைவர் தேர்தலின்போது சாதிச் சான்றிதழைக் காட்ட வேண்டும். எஸ்.சி. பெண் ஒருவர் மெம்பர் என்றால் பொது, பெண், எஸ்.சி., எஸ்.சி. பெண் என நான்கு விதப் பதவிக்கும் நிற்கலாம்.

கட்சிகள் கோட்டை விடுவது இங்கேதான். பெரும்பான்மை கையில் இருக்கும், ரிசர்வ் ஆன பதவிக்குத் தகுதியான மெம்பர் ஒருவர்கூட இருக்க மாட்டார். இருந்த ஒரே வேட்பாளர் ஒரே ஒரு வார்டில் நின்று தோற்றிருப்பார். எதிரணியின் ஒற்றை மெம்பர் போட்டியில்லாமல் தலைவராகிவிடுவார். பதவி எஸ்.சி.க்கு என்று தெரிந்த பஞ்சாயத்தில் குறைந்தது இரண்டு மூன்று வார்டிலாவது தகுதியானவர்களை நிறுத்த வேண்டும், பொது வார்டு உட்பட. பொது வார்டில் எஸ்.சி. வேட்பாளரை நிறுத்த இன்னும் தயங்குகிறார்கள். அந்தத் தயக்கம் வருத்தம் தருகிறது.

இனி நம் தமிழ்க் குடும்பங்களுக்கு மட்டுமே உள்ள சிக்கல். பள்ளர், பறையர், சக்கிலியர் எல்லாரும் தமிழ்நாட்டு எஸ்.சி. பட்டியலிலும் இருக்கிறார்கள், கேரளப் பட்டியலிலும் இருக்கிறார்கள். "பேரு இங்கயும் இருக்கே, அப்புறம் என்ன" என்று நினைப்பதுதான் தவறு. எஸ்.சி. தகுதி மாநிலத்தோடு கட்டப்பட்டது. குடும்பம் 10.08.1950 அன்று இன்றைய கேரள எல்லைக்குள் நிலையாகக் குடியிருந்ததா என்பதுதான் கேள்வி. எஸ்.டி.க்கு அந்தத் தேதி 06.09.1950. கேரளம் உருவான 1956ஐப் பலர் சொல்கிறார்கள். அது கணக்கில் வராது.

அந்த 1950 தேதிக்குப் பிறகு மலையேறிக் கேரளத்துக்கு வந்த குடும்பத்துக்கும் தாசில்தார் சான்றிதழ் தருவார். அதை நிதானமாகப் படியுங்கள். "தமிழ்நாட்டில் தந்தைக்கு வழங்கப்பட்ட சான்றிதழின் அடிப்படையில்" என்ற பொருளில் ஒரு வரி இருந்தால் அது குடிபெயர்ந்தோர் சான்றிதழ். கேரளத்தில் ரிசர்வ் வார்டுக்கோ தலைவர் பதவிக்கோ அது செல்லாது. வேட்புமனு பரிசீலனை நாளில் பேப்பரை நீட்டியபிறகு இதைக் கண்டுபிடித்து ஒன்றும் ஆகப்போவதில்லை.

2021ல் தேவிகுளத்தில் ஜெயித்த ஏ. ராஜாவின் வழக்கு எல்லாருக்கும் நினைவிருக்கும். அது எஸ்.சி.க்கு ரிசர்வ் ஆன சட்டமன்றத் தொகுதி, ஆனால் எஸ்.சி. தகுதி பற்றிய விதி ஒன்றே. 2023 மார்ச்சில் உயர் நீதிமன்றம் அவர் தேர்தலை ரத்து செய்தது. 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை மாற்றி அவர் வெற்றியை உறுதி செய்தது. அவர் குடும்பத்தின் மதமும் குடிபெயர்ந்த காலமும் இரண்டுமே அங்கே அலசப்பட்டன. இந்து, சீக்கிய, பௌத்த மதத்தவருக்கு மட்டுமே எஸ்.சி. தகுதி, எஸ்.டி.க்கு மதக் கட்டுப்பாடு இல்லை. சர்ச் பதிவேட்டில் பெயர் இருக்கும் குடும்பம் இதை முன்கூட்டியே யோசிக்க வேண்டும்.

ஆகவே தாத்தா பாட்டியின் தோட்டச் சர்வீஸ் பதிவு, லயத்து வீடு (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடு) ஒதுக்கிய தாள், அப்பாவின் பள்ளிச் சான்று, பழைய ரேஷன் கார்டு எதையும் தூக்கிப் போடாதீர்கள். அரசின் அக்ஷயா இ-சேவை மையத்தில் விண்ணப்பித்தால் வில்லேஜ் ஆபீசர் விசாரணை, பிறகு தாசில்தார் கையெழுத்து. தகராறு என்றால் கிர்டாட்ஸ் (எஸ்.சி., எஸ்.டி. பற்றி ஆராயும் கேரள அரசு நிறுவனம்) விசாரணை வரை போகும், மாதக்கணக்கு ஆகும். நாமினேஷன் வாரத்தில் தொடங்கினால் நடக்காது.

கல்யாணம் இன்னொரு பொறி. உடுமலையில் பிறந்து மறையூருக்கு வாழ வந்த எஸ்.சி. பெண்ணுக்கு, கணவர் குடும்பம் நூறு வருஷம் இங்கே இருந்தாலும், கேரளத்து எஸ்.சி. தகுதி வராது. சாதித் தகுதி பிறப்பால் வருவது, தாலியால் அல்ல. ஆனால் வாக்காளர் பட்டியலில் பெயரும் 21 வயதும் இருந்தால் பொது வார்டிலும் பெண் வார்டிலும் அவர் தாராளமாக நிற்கலாம்; பெண்களுக்கான தலைவர் பதவிக்கும் வரலாம். எஸ்.சி. பெண் பதவிதான் கிடையாது.

தலைவர் தேர்தல் ரகசிய ஓட்டு அல்ல. மெம்பர் வாக்குச் சீட்டின் பின்புறம் பெயர் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். கட்சி உத்தரவை மீறினால் 1999ஆம் வருஷக் கட்சித் தாவல் தடைச் சட்டம் பாயும்: மெம்பர் பதவி போவதோடு ஆறு வருஷம் நிற்கவும் முடியாது. நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் தலைவர் இறங்கினாலும் அந்த ஐந்து வருஷத்துக்கு ஒதுக்கீடு மாறாது. தகுதியானவர் வேறு யாரும் இல்லையென்றால், இறக்கப்பட்ட அதே மெம்பர்தான் மறுபடியும் வந்து உட்காருவார்.