கையெழுத்து இருக்கிறது, சம்மதம்?

ஆபரேஷனுக்கு முன் நோயாளி கையெழுத்துப் போடும் சம்மதப் படிவம் பற்றி எங்கள் மருத்துவமனையில் அவ்வப்போது பயிற்சி வகுப்பு வைப்பார்கள். லண்டனில் ஆபரேஷன் தியேட்டர் நர்ஸாக இருப்பவளுக்கு அதில் புதிதாக என்ன இருந்துவிடப் போகிறது என்று பாதித் தூக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். பாடம் எடுத்தவர் ஒனோரா ஓ'நீல் என்ற தத்துவ அறிஞர் எழுதிய ஒரு கட்டுரையைக் கையில் கொடுத்துவிட்டுப் போனார். ரயிலில் வாசித்தேன். இறங்க வேண்டிய நிலையத்தைத் தவறவிடும் அளவுக்கு சுவாரஸ்யம் என்று சொன்னால் அது பொய். கடினமான நடை. ஆனால் ஒரு கருத்து மண்டையில் ஏறிக்கொண்டது, இன்றுவரை இறங்கவில்லை.

ஓ'நீல் 1941-ல் வட அயர்லாந்தில் பிறந்தவர். ஹார்வர்டில் அமெரிக்கத் தத்துவ அறிஞர் ஜான் ரால்ஸிடம் ஆய்வு செய்தவர், பதினெட்டாம் நூற்றாண்டு ஜெர்மன் தத்துவ அறிஞர் காண்ட்டின் அறவியலை நம் காலத்துக்கு எடுத்துவந்தவர்களில் முக்கியமானவர். கேம்பிரிட்ஜின் நியூனம் கல்லூரிக்கு 1992 முதல் 2006 வரை முதல்வர். பிரபுக்கள் சபை உறுப்பினரும்கூட. பசியைப் பற்றி 1986-ல் ஒரு புத்தகம் எழுதினார். உணவுக்கு எல்லோருக்கும் உரிமை உண்டு என்று முழங்குகிறோமே, அந்த உணவைக் கொண்டுவந்து கொடுக்கும் கடமை யாருக்கு என்று கேட்காமல் விட்டால் உரிமை வெறும் பேச்சாகிவிடும் என்பது அவர் வாதம். அதே கேள்வியைத்தான் மருத்துவமனைக்குள்ளும் கொண்டுவருகிறார்.

நோயாளியிடம் எதற்காகச் சம்மதம் வாங்குகிறோம்? அவர் உடம்பு, அவர் முடிவு என்பதுதான் எங்களுக்கெல்லாம் சொல்லித்தந்த பதில். ஓ'நீல் வேறு பக்கமிருந்து வருகிறார். நோயாளியை ஏமாற்றவில்லை, நெருக்கவில்லை என்பதற்கான உறுதிதான் சம்மதம் என்கிறார். அப்படியானால் பாரம் கையெழுத்துப் போடுகிறவர் தலையில் இல்லை, போடச் சொல்கிறவர் தலையில். இன்னொன்றும் சொல்கிறார்: ஒருவர் ஒரு காரியத்துக்குச் சம்மதிப்பது, அந்தக் காரியம் அவருக்கு எப்படி விளங்கியிருக்கிறதோ அப்படித்தான். வேறு விதமாக எழுதி வைத்திருக்கும் அதே காரியத்துக்கு அவர் சம்மதித்ததாக நாமாக எடுத்துக்கொள்ள முடியாது.

இதன் கனம் அந்தப் பெரியவர் வந்த அன்று தெரிந்தது. எழுபது தாண்டிய யாழ்ப்பாணத்துக்காரர், பெருங்குடலில் புற்றுநோய். படிவத்தில் கையெழுத்து, தேதி எல்லாம் சரி. குடலின் ஒரு பகுதியை வெட்டி எடுப்பது என்று எழுதி, பக்கத்தில் கூட்டல் கழித்தல் குறி போட்டு ஸ்டோமா என்றிருந்தது. தேவைப்பட்டால் குடலை வயிற்றுக்கு வெளியே திறந்து பை பொருத்துவோம் என்று அர்த்தம். வயிற்றில் அதற்கான இடத்தில் கறுப்பு மையால் வட்டமும் இருந்தது.

மயக்க மருந்து கொடுக்கும் முன் பெயர், பிறந்த தேதி, என்ன ஆபரேஷன் என்று நோயாளி வாயாலேயே சொல்லவைக்க வேண்டும். "ஐயா, இன்னைக்கு உங்களுக்கு என்ன செய்யப் போறாங்க, சொல்லுங்க" என்றேன்.

"கட்டியை வெட்டி எடுக்கப் போயினம், பிள்ளை. பிறகு குடலைப் பொருத்தித் தைச்சு விடுவினம்."

"இந்த வட்டம் எதுக்குன்னு சொன்னாங்களா?"

"அதிலதானே வெட்டுவினம்?"

பை என்ற ஒன்றே அவருக்குத் தெரியவில்லை. டாக்டர் சொல்லாமலில்லை, ஸ்டோமா நர்ஸும் சொல்லியிருக்கிறார். இரண்டு முறையும் கூட இருந்து தமிழில் சொன்னது மகன். அப்பா பயந்துவிடுவார் என்று பையை மட்டும் விட்டுவிட்டார். பாசத்தில் செய்ததுதான். ஆனாலும் அந்தக் கையெழுத்து அந்த ஆபரேஷனுக்கு உரியதில்லை.

நிறுத்தினேன். சர்ஜனைக் கூப்பிட்டோம். நானே தமிழில் விளக்கிவிடலாம்தான், ஆனால் சம்மதம் வாங்கும்போது வீட்டாரோ பணியாளரோ மொழிபெயர்க்கக் கூடாது என்பது எங்கள் மருத்துவமனை விதி. தொலைபேசியில் மொழிபெயர்ப்பாளர் வந்தார். பெரியவர் பொறுமையாகக் கேட்டார். "இது எப்பவும் இருக்குமோ, பிறகு எடுத்துவிடுவினமோ?" என்றார். எடுத்துவிடலாம் என்றதும் தலையாட்டினார். பிறகு என் பக்கம் திரும்பி, "முதலே சொல்லியிருந்தா நான் வேண்டாமெண்டே சொல்லியிருப்பன்?" என்றார். குரலில் கோபத்தைவிட மனத்தாங்கல்தான் அதிகம்.

முக்கால் மணி நேரம் தாமதம். கடைசியில் பை தேவைப்படவில்லை, குடலை நேராகவே இணைத்துவிட்டார்கள். "பார்த்தியா, எப்படியும் சம்மதிச்சிருப்பார், பையும் வைக்கல, வீணா ஒரு கேஸ் தள்ளிப்போச்சு" என்றார் என்னுடன் வேலை செய்பவர். எப்படியும் சம்மதித்திருப்பார் என்பது நம் ஊகம். ஊகம் சரியாக இருந்துவிட்டதாலேயே கேட்காமல் விட்டது சரியாகிவிடாது. இதில் எனக்குச் சந்தேகமே இல்லை, கூட வேலை செய்பவருக்கு இன்றும் உடன்பாடில்லை.

தாமதத்துக்குக் காரணம் கணினியில் பதிய வேண்டும். பட்டியலில் இருந்தவற்றில் 'நோயாளி தயாராக இல்லை' என்பதுதான் கிட்ட வந்தது. ஓ'நீல் 2002-ல் பிபிசி ஆண்டுதோறும் வானொலியில் நடத்தும் ரீத் உரைகளில் இதைத்தான் சாடினார்: செய்ததையெல்லாம் மேலிடத்துக்கு எண்களில் கணக்குக் காட்டும் வேலை பெருகப் பெருக, கணக்கில் நன்றாகத் தெரிவதைச் செய்யும் பழக்கம் வந்துவிடுகிறது, தொழிலின் உண்மையான நோக்கம் பின்னால் போய்விடுகிறது. மக்களின் நம்பிக்கையைக் கூட்டுவது எப்படி என்று மண்டையை உடைத்துக்கொள்வதைவிட, நம்பத் தகுந்தவர்களாக நடந்துகொள்வதும், அதை மற்றவர்கள் சோதித்துப் பார்க்க வழி விடுவதும் முக்கியம் என்றார்.

இங்கே மட்டும் எனக்குக் கொஞ்சம் முரண்பாடு உண்டு. இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகர மருத்துவமனையில் இதய அறுவை சிகிச்சைக்குப் பின் குழந்தைகள் அளவுக்கு மீறி இறந்ததை வெளியே கொண்டுவந்தது எண்கள்தான். ஸ்டீஃபன் போல்சின் என்ற மயக்கவியல் மருத்துவர் தாமாகவே கணக்கெடுத்துக் குரல் எழுப்பினார். பிற்பாடு ஆஸ்திரேலியாவுக்கே போய்விட்டார். விசாரணை அறிக்கை 2001-ல் வந்தது. ஓ'நீல் கணக்கே வேண்டாம் என்று சொல்பவரில்லை, தொழிலின் நோக்கத்தை மறக்காத, புத்தியுள்ள கணக்கு வேண்டும் என்பவர். ஆனால் எது புத்தியுள்ளது என்று மேசைக்கு அந்தப்புறம் இருப்பவர் முடிவு செய்யும்போது, தியேட்டருக்குள் நிற்கும் எங்களுக்கு வித்தியாசம் தெரிவதில்லை.

பெரியவர் விஷயத்தைக் கூட்டத்தில் வைத்தபோது முதலில் வந்த பதில், 'இனி எல்லோரும் கவனமாக இருப்போம்.' எல்லோரும் என்றால் யார் என்று கேட்டேன். சற்று நேரம் இழுபறி. வயிற்றில் வட்டம் போடும் நாளுக்கும் மொழிபெயர்ப்பாளரை ஏற்பாடு செய்வது இப்போது முன்பதிவுப் பிரிவின் வேலை, விடுபட்டால் அந்தப் பிரிவின் பொறுப்பாளரைத்தான் கேட்பார்கள். மகனோ மகளோ கூட இருக்கலாம். பேசுவது மட்டும் மொழிபெயர்ப்பாளர்.