சந்தேகம் எங்கே போய் நிற்கிறது

தத்துவத்திலும் இலக்கியத்திலும் சந்தேகக்காரர்களைப் பற்றிப் படிக்கும்போது ஒரு கேள்வியைத்தான் நான் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொள்வேன். இவருடைய ஐயம் எங்கே போய் நின்றது? எப்படித் தொடங்கியது என்பது பெரிய விஷயமில்லை. யாருக்கும் தொடங்கிவிடும்.

இந்தக் கேள்வி என் அம்மாவிடமிருந்து வந்தது. மலேசியாவில் சுங்கை சிப்புட்டுக்கு அருகே ஒரு ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர் அவர். காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்குப் போய், தனக்கு ஒதுக்கிய மர வரிசையான நிரையை முடித்து, மரத்தில் கட்டிய மங்குக் கிண்ணங்களில் சேர்ந்த பாலை வாளியில் ஊற்றிக்கொண்டு ஸ்டோருக்கு வருவார். தோட்டத்துக் கணக்கரான கிராணி அதை எடை போட்டு, அதில் கொஞ்சம் பாலை எடுத்துத் தண்ணீர் கலந்து, மெட்ரோலாக் என்ற அளவுக் கருவியை மிதக்கவிட்டு, உலர்ந்த ரப்பர் எவ்வளவு தேறும் என்று கணக்குப் போடுவார். வாளி கனத்தாலும் அந்த அளவு குறைந்தால் கூலி குறையும். கலக்கிற தண்ணீர் சற்றுக் கூடிப்போனாலும் கருவி குறைத்துத்தான் காட்டும். அம்மா எட்டிப் பார்த்து, "இன்னொரு தடவை விட்டுப் பாருங்க கிராணியாரே" என்பார். இதனால் லயத்தில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், அவருக்கு வாய்க்காரி என்று பெயர். மறுபடி விட்டும் அதே அளவு வந்தால் ஒரு வார்த்தை பேசாமல் வாளியைக் கழுவப் போய்விடுவார். கேட்டதைவிட, காட்டியதும் ஏற்றுக்கொண்டாரே, அதைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன்.

சரி, கிரேக்கத்துக்குப் போவோம். கி.மு. 4ஆம் நூற்றாண்டில் பிறந்த பிர்ரோ, அலெக்சாந்தரின் படையோடு இந்தியா வரை வந்து இங்கிருந்த ஆடையற்ற துறவிகளைச் சந்தித்தார் என்று பழைய வரலாறு சொல்கிறது. அவர் தன் கொள்கையை எழுதிவைக்கவில்லை. பல நூற்றாண்டு கழித்து, அவர் வழியில் வந்த மருத்துவர் செக்ஸ்டஸ் எம்பிரிகஸ் எழுதியதுதான் நமக்குக் கிடைக்கிறது. தேன் இனிப்பதாகத் தெரிகிறது, அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் தேன் தன்னியல்பில் இனிப்பானதா என்று தீர்ப்புச் சொல்லமாட்டேன் என்கிறார் அவர். எந்த வாதத்துக்கும் சம பலமுள்ள எதிர்வாதம் உண்டு. அதனால் தீர்ப்பை நிறுத்திவை, மன அமைதி தானாக வரும். இதற்கு அவர் சொல்லும் கதை அழகானது. அப்பெல்லஸ் என்ற ஓவியர் குதிரையின் வாய்நுரையை வரைய முயன்று முயன்று முடியாமல், வண்ணம் துடைக்கும் பஞ்சைப் படத்தின்மேல் வீசி எறிந்தாராம். அது பட்ட இடத்தில் அசல் நுரை விழுந்திருந்தது.

இந்தக் கதை எனக்கு மிகவும் பிடிக்கும். ஆனாலும் பிர்ரோவின் அமைதியோடு என்னால் முழுதாகச் சேர முடியவில்லை. தேனுக்குத் தீர்ப்பு வேண்டாம். அம்மாவின் வாளிக்கு ஒரு தீர்ப்பு அன்றைக்கே வேண்டியிருந்தது.

நம் பக்கமும் சந்தேகம் பழையதுதான். ரிக் வேதத்தின் 10ஆம் மண்டலத்தில் படைப்பைப் பற்றிய பாடல் ஒன்று, மேலிருந்து பார்ப்பவனுக்கு இதெல்லாம் தெரியும், ஒருவேளை அவனுக்கும் தெரியாதோ என்று முடிகிறது. புத்தர் காலத்துச் சஞ்சயன் எந்தக் கேள்விக்கும் பிடிகொடுக்காமல் நழுவினார் என்று பௌத்த நூல்கள் குறைசொல்கின்றன. தத்துவவாதி ஜயராசி பட்டர் ஒருபடி மேலே போய்க் கண்ணால் காண்பதையும் நம்ப ஆதாரமில்லை என்று வாதாடினார். அவருடைய சுவடி 1926இல்தான் கண்டெடுக்கப்பட்டது, 1940இல் அச்சாகியது. அவ்வளவு காலம் அது கிடந்த கிடப்பை நினைத்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது.

நான் அதிகம் திரும்பிப் போவது மணிமேகலையிடம். மாலையில் ஐந்தாம் படிவப் பிள்ளைகளுக்குத் தமிழ் இலக்கியம் சொல்லிக்கொடுக்கிறேன். தேர்வுக்கு வந்தாலும் வராவிட்டாலும் 27ஆம் காதையைச் சொல்லாமல் விடுவதில்லை. வஞ்சி மாநகரில் ஆண் துறவி வேடத்தில் ஒவ்வொரு சமயவாதியிடமும் போய், "உன் கொள்கை என்ன?" என்று கேட்கிறாள். வைதிகர், சைவர், வைணவர், ஆசீவகர், நிகண்டர், சாங்கியர், வைசேடிகர், கடைசியில் பூதவாதி. கண்ணால் காண்பது மட்டுமே உண்மை என்பவர் அந்தப் பூதவாதி. அவரிடம் அவள் சிரித்துக்கொண்டே கேட்கும் கேள்வி, உன் தாய் தந்தை இவர்கள்தான் என்பதை ஊகித்து அறியாமல் வேறு எப்படி அறிந்தாய் என்பது. வகுப்பில் இந்த இடம் வந்தால் பிள்ளைகள் நிமிர்ந்து உட்காருவார்கள். பிறகு அவள் காஞ்சிக்குப் போய்ப் பௌத்தத் துறவி அறவண அடிகளிடம் எது சரியான வாதம், எது போலி வாதம் என்று பாடமே கேட்கிறாள். அதற்கப்புறம்தான் புத்த தருமத்தில் நிற்கிறாள். ஒரு காப்பியத் தலைவி இத்தனை பேரையும் நேரில் கேட்டு, பொறுமையாக முழுதும் கேட்டு, பிறகு முடிவெடுக்கிறாள். தமிழில் இதைவிடப் பெரிய துணிச்சல் எனக்குத் தெரிந்து இல்லை.

இமாம் கஸாலியை எனக்கு அறிமுகப்படுத்தியவர் என்னோடு வேலை பார்த்த ஒரு மலாய் ஆசிரியர். 1058இல் பிறந்த கஸாலி, பாக்தாதில் புகழின் உச்சியில் இருந்த பேராசிரியர். 1095இல் எல்லாவற்றையும் விட்டுவிட்டுக் கிளம்பிப் போனார். தன் வாழ்க்கையைப் பற்றி அவரே எழுதியிருக்கிறார். கண்ணுக்கு நட்சத்திரம் ஒரு பொற்காசு அளவுதான் தெரிகிறது, கணிதமோ அது பூமியைவிடப் பெரியது என்கிறது. அப்படியானால் கண்ணை நம்ப முடியாது. கண்ணைப் பொய்யாக்கிய அறிவையும் பொய்யாக்க இன்னொன்று இருந்தால்? கனவு காணும்போது கனவும் மெய்யாகத்தானே இருக்கிறது? கிட்டத்தட்ட இரண்டு மாதம் இந்த நோயில் இருந்தேன் என்கிறார். எந்த வாதமும் அவரைக் காப்பாற்றவில்லை. இறைவன் நெஞ்சில் இட்ட ஒளியால் மீண்டதாகச் சொல்கிறார். 1641இல் பிரெஞ்சுத் தத்துவவாதி டெகார்ட் இதே கனவுக் கேள்வியிலிருந்து புறப்பட்டு, சந்தேகப்படும் நான் இருக்கிறேன் என்பதில் காலூன்றினார். எனக்கு டெகார்ட்டைவிடக் கஸாலி நெருக்கமாகத் தெரிகிறார். தன்னால் முடியவில்லை என்பதையும் அவர் எழுதிவைத்தார்.

ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட் வேறு வகை. அப்பாவின் ஆவி சொன்னதை அவன் அப்படியே நம்பவில்லை. அது பேயின் தந்திரமாக இருக்கலாம் என்று, சித்தப்பாவின் முன்னால் ஒரு நாடகத்தைப் போடவைத்து அவர் முகத்தைக் கவனிக்கிறான். ஸ்டோரில் அம்மா கேட்டதும் இந்த மறுபரிசோதனைதான்.

தோட்டங்களுக்குச் சந்தேகம் அச்சிலும் வந்தது. 1929 டிசம்பரில் பெரியார் மலாயா வந்தார். 1935இல் சாரங்கபாணி சிங்கப்பூரில் தமிழ் முரசு பத்திரிகையைத் தொடங்கினார். சாதியையும் சடங்கையும் ஏன் என்று கேட்கும் பேச்சு லயம்வரை வந்துசேர்ந்தது. அதற்கு எங்கள் சமூகம் பட்ட கடன் பெரிது.

ஆனால் சந்தேகம் என்றாலே நல்லது என்று நான் சொல்லமாட்டேன். லயத்துச் சுவர் மெல்லியது. பக்கத்து வீட்டில் புருஷன் பெண்டாட்டியைச் சந்தேகப்பட்டு அடிக்கும் சத்தம் கேட்டு வளர்ந்தவள் நான். அந்தச் சந்தேகத்துக்கு எதைக் காட்டினாலும் போதாது. புதுமைப்பித்தனின் 'சாபவிமோசனம்' கதையில், ராமன் சீதையைத் தீக்குளிக்கச் சொன்னான் என்று கேட்டதும் அகலிகை மறுபடி கல்லாகிவிடுகிறாள். அந்த வரியை முதலில் படித்தபோது எனக்கு அந்த வீட்டு அக்காவின் முகம்தான் வந்தது. வள்ளுவர் 510ஆம் குறளில் இரண்டையும் ஒன்றாகக் கட்டுகிறார்:

தேரான் தெளிவும் தெளிந்தான்கண் ஐயுறவும்
தீரா இடும்பை தரும்.

ஆராயாமல் நம்புவதும், ஆராய்ந்து நம்பியவரைப் பிறகு சந்தேகிப்பதும் தீராத துன்பம். முதல் பாதியை மேடைகளில் எல்லோரும் சொல்கிறோம். இரண்டாம் பாதியைப் பெண் பிள்ளைகளும் ஆண் பிள்ளைகளும் சேர்ந்து உட்கார்ந்திருக்கும் வகுப்பில் நான் மெதுவாகச் சொல்வேன், ஆண் பிள்ளைகளைப் பார்த்து.

பாரதியையும் சேர்க்காமல் இருக்க முடியாது. "நிற்பதுவே, நடப்பதுவே, பறப்பதுவே, நீங்களெல்லாம் சொற்பனந்தானோ" என்று கஸாலி நின்ற அதே இடத்தில்தான் தொடங்குகிறார். ஆனால் முடியும்போது "காண்பதுவே உறுதி கண்டோம்" என்கிறார். சந்தேகத்திலிருந்து அங்கே எப்படி வந்தார் என்பதைப் பாட்டு படிப்படியாகக் காட்டவில்லை, பாய்ந்துவிடுகிறது. காண்பதெல்லாம் மறையுமென்றால் மறைந்ததெல்லாம் காண்பமன்றோ என்று நடுவில் ஒரு வாதம் வைக்கிறார். அது என்னை இன்னும் ஒத்துக்கொள்ள வைக்கவில்லை. பாட்டாக உலுக்குகிறது, வாதமாக நிற்கவில்லை. பாரதியை நேசிக்கிறவர்கள் கோபப்படாமல் அந்த இரண்டு வரியை எனக்கு விளக்கினால் கேட்டுக்கொள்ளத் தயாராக இருக்கிறேன்.