கம்பம் பள்ளத்தாக்கு: 800 ரூபா ஆட்டோவும் மூணு கிலோ திராட்சையும்

தேனி மாவட்டத்துல இருக்கிற கம்பம் பள்ளத்தாக்குக்கு ரெண்டு நாள் போய்ட்டு வந்தேன். ரூட்டு, செலவுக் கணக்கு எல்லாம் வரிசையா எழுதலாம்னுதான் நினைச்சேன், ஆனா முதல்ல அந்த ஆட்டோ கதையை இறக்கி வச்சாத்தான் மனசு ஆறும். கம்பத்துல இருந்து சுருளி அருவி கிட்டத்தட்ட பத்து கிலோமீட்டர். போக வர 700ன்னார் ஆட்டோக்காரர், பேசிப் பேசி 600க்கு இறங்குனார், அங்க போய் நின்னதும் "வெயிட்டிங் தனி சார்"னு இன்னொரு 200. ரெண்டு நாளைக்கு என் பட்ஜெட்டே 3000ங்க! திரும்பும்போது பார்த்தா எதிர்ல ஒரு டவுன் பஸ் பாதி சீட்டு காலியா வருது, வயிறு எரிஞ்சுது. அருவியில தலையைக் குடுத்ததும் பாதி கோபம் இறங்கிடுச்சு, அது வேற விஷயம்.

நான் தஞ்சாவூர் பக்கம். நெல்லுன்னா எங்க ஊருதான்னு ஒரு திமிரு உண்டு. தேனியில இருந்து சின்னமனூர், உத்தமபாளையம்னு பஸ் போகப்போக அது கொஞ்சம் கொஞ்சமா கழண்டுடுச்சு. எங்க ஊர்ல வயலுக்கு அந்தாண்ட இன்னொரு வயல்தான், இங்க வயலு, தென்னந்தோப்பு, அதுக்கு மேல மேகத்தை சுத்திக்கிட்டு நிக்குற மலை. இத்தனைக்கும் இது மழை மறைவுப் பகுதி, தென்மேற்குப் பருவமழை கேரளா பக்கமே கொட்டித் தீர்த்துட்டு இந்தப் பக்கம் பெரும்பாலும் வெறுங்காத்தாத்தான் வருது. மேற்கே ஓடி கடல்ல கலந்துக்கிட்டு இருந்த பெரியாத்தை 1895ல அணை கட்டி, மலையைக் குடைஞ்சு கிழக்க திருப்பினாங்க பாருங்க, அந்தத் தண்ணிதான் இந்தப் பச்சை. மலையடிவாரத்து லோயர்கேம்ப்ல நின்னு அண்ணாந்து பார்த்தா மலைச்சரிவுல நாலு ராட்சசக் குழாய் இறங்குது, கரண்டு எடுத்த பிறகுதான் தண்ணி முல்லைப் பெரியாறா வயலுக்கு வருது.

நான் டீ குடிச்ச கடையில முருகனுக்கும் பிள்ளையாருக்கும் நடுவுல அந்த அணையைக் கட்டின இன்ஜினியர் பென்னிகுவிக் கோட்டு போட்ட படம், அவருக்கும் சேர்த்தே ஊதுபத்தி. பக்கத்துல உட்கார்ந்திருந்த பெரியவர், "லோயர்கேம்ப்ல இருந்து பழனிசெட்டிபட்டி வரைக்கும் 14,707 ஏக்கரு, ரெண்டு போகம்"னு சில்லறை குறையாம சொல்றார்! பாலார்பட்டியில வருஷாவருஷம் ஜனவரி 15, பென்னிகுவிக் பிறந்தநாளுக்குப் பொங்கல் வைக்கிறாங்க. அணை கட்டின இன்ஜினியருக்கு ஊரே பொங்கல் வைக்கிறதை நான் வேற எங்கயும் கேள்விப்பட்டதில்ல.

ரெண்டாம் நாள் விடியக்காலை ரூம்ல கொசு தூங்க விடல, வெளிய வந்தா ரோடு முழுக்க ஜீப்பு. ஒவ்வொண்ணுலயும் பொம்பளைங்க நெருக்கி உட்கார்ந்திருக்காங்க, தலையில துண்டு, மடியில தூக்குவாளி. "எங்கக்கா போறீங்க"ன்னேன். "காய் எடுக்க, மேல"ன்னாங்க. இடுக்கி பக்கத்து ஏலக்காய்த் தோட்டத்துக்கு கம்பம்மெட்டு வழியா தினம் ஏறி சாயங்காலம் இறங்குறாங்க. ஒரு அக்கா எங்கிட்ட, "நீ எதுக்கு தம்பி இந்நேரத்துல எந்திரிச்ச?"ன்னு கேட்டாங்க. கொசுன்னு சொல்ல வெக்கமா இருந்துச்சு.

சாப்பாட்டைப் பத்தி எழுத ஒண்ணுமில்ல, சுமார்தான். ஆனா திராட்சை! சுருளிப்பட்டியில ஒரு தோட்டத்துல பந்தலுக்குக் கீழ குனிஞ்சுதான் நடக்கணும், கொத்து மூக்குல இடிக்குது. 2023ல புவிசார் குறியீடு வாங்கின பன்னீர் திராட்சை, இங்க வருஷம் முழுக்க ஏதாவது ஒரு பந்தல்ல அறுவடை நடக்கும். ஒண்ணைப் பிச்சு வாயில போடப் போனேன், அங்க இருந்த பாட்டி கையிலயே தட்டிட்டாங்க, "மருந்தடிச்சது, கழுவித் தின்னுய்யா." பழத்து மேல இருந்த வெள்ளைப் பொடியை நான் ஏதோ பனின்னு நினைச்சேன். கிலோ 80, பேரம் பேசவே தோணல, மூணு கிலோ வாங்கினேன்.

தேனி பஸ்ல சீட் கிடைக்கல, பையைக் கால்கிட்ட வச்சிருந்தேன், வீரபாண்டியில ஏறினவர் ஒருத்தர் நேரா அது மேலயே மிதிச்சார். வீடு வந்தப்ப ஒண்ணரை கிலோ திராட்சை, மீதி ஜூஸ், எல்லாம் என் பேன்ட்ல.